பெரிய பிரட்டும் சின்ன பன்னும்

பிரட்டின் தலையை வட்டமாக அறுத்து எடுத்துவிட்டு, உள்ளே இருக்கும் பஞ்சை விரலால்தான் பிய்க்க வேண்டும், கத்தி போட்டால் அடி கிழிந்துவிடும் என்று ஞானசுந்தரி அம்மா வாட்ஸ்அப்பில் பேசி அனுப்பியிருந்தார். சமையல் மேடையில் போனைச் சாய்த்து வைத்துப் பூங்கொடி அதை மறுபடியும் ஓடவிட்டாள். “அவசரப்படாதீங்க சம்பந்தியம்மா, ரொட்டிச் சுவரு ஒரு விரல் கனமாவது இருக்கணும் பாத்துக்கிடுங்க. அதுக்கு மேல சுரண்டினா சூட்டுல ஒழுகிரும், பெறவு பிடிச்சு நிறுத்த முடியாது.” திருநெல்வேலிப் பக்கத்துப் பேச்சு, கோயமுத்தூருக்கு வந்து இத்தனை காலமாகியும் மாறவில்லை. சம்பந்தியம்மா என்று எவ்வளவு எளிதாகச் சொல்லிவிடுகிறார், இன்னும் ஒரு பேச்சும் முடிவாகவில்லை, நாள் குறிக்கவில்லை, அதற்குள் வாய் நிறையச் சம்பந்தி. பூங்கொடிக்கு அந்த வார்த்தை இதுவரை வாயில் வந்ததில்லை. வரும், வராமல் எங்கே போகும், இன்றைக்கு எப்படியாவது வரவழைத்துவிட வேண்டும் என்று நினைத்துக்கொண்டே பிரட்டுக்குள் விரலை விட்டாள். பஞ்சு பஞ்சாகக் கையோடு வந்தது. நேற்று பேக்கரிக்காரரிடம் சொல்லி வைத்துப் போட்டு வாங்கியது. “வட்டப் பிரட்டு, அதும் வெட்டாமலாங்க? என்ன விசேசமுங்க டீச்சர்?” என்று அவர் கேட்டதற்கு, மகளுக்குப் பேசியிருக்கிற இடத்திலிருந்து வருகிறார்கள் என்று சொல்லாமல், “சும்மாதானுங்க, கொளந்தைங்க கேட்டுது” என்றுவிட்டாள். இந்த வீட்டில் எங்கே இருக்கின்றன குழந்தைகள்? வேலைக்குப் போகிற மகள் ஒருத்தி, அவ்வளவுதான். ஆனால் அந்தக் கடையில்தான் அவளுடைய நாத்தனார் வீட்டுக்கும் ரொட்டி வாங்குவார்கள். பேச்சு அங்கே போகும், அங்கிருந்து ஊருக்குப் போகும். அதனால்தான். அதனால் மட்டும்தான் என்று சொல்லிக்கொண்டாள். கடையிலிருந்து இறங்கும்போது, பாராட்டு விழா நடத்திப் பணி ஓய்வு கொடுத்து அனுப்பப்பட்ட ஒரு டீச்சருக்கு, பிரட் வாங்கியதற்கு இப்படி வியர்க்க வேண்டுமா என்று அவளுக்கே அசிங்கமாக இருந்தது.

போன ஞாயிற்றுக்கிழமை மாப்பிள்ளை வீட்டிலும் இதே மாதிரி ஒரு பிரட்தான் மேசை நடுவில் இருந்தது. ஞானசுந்தரி அம்மா மஸ்கட்டில் ரொம்ப வருஷம் நர்ஸாக இருந்தவர், அங்கே கூட வேலை பார்த்த ஒரு பிலிப்பைன்ஸ்காரப் பெண் சொல்லிக்கொடுத்தாளாம். குடைந்த பிரட்டுக்குள் சீஸ், கீரை, பூண்டு எல்லாம் சேர்ந்து கொழகொழவென்று நுரைத்துக்கொண்டிருந்தது, சுற்றிலும் வறுத்த ரொட்டித் துண்டுகள், ஆளுக்கொன்று எடுத்து அதில் முக்கி முக்கித் தின்ன வேண்டும். வீட்டைச் சுத்தமாகத்தான் வைத்திருக்கிறார்கள் என்று உள்ளே நுழையும்போதே பூங்கொடி நினைத்தாள். அந்த ‘தான்’ எதற்கு? அப்போது அது உறைக்கவில்லை, இப்போது பிரட்டைப் பிய்க்கும்போது உறைக்கிறது, பிசாசு மாதிரி வந்து ஒட்டிக்கொள்கிறது. ஞானசுந்தரி அம்மாவின் மகன் எபி நல்ல பையன். மகள் மிருதுளா வேலை பார்க்கும் அதே கம்பெனி. சிரித்த முகம். முதல் துண்டை எடுத்துப் பூங்கொடி கையில் கொடுத்ததும் அவன்தான். அவளும் முக்கினாள். வாய்க்குப் பக்கத்தில் கொண்டுபோனாள், வாசனை நன்றாகத்தான் இருந்தது, அந்த நேரம் பார்த்து ஞானசுந்தரி அம்மா தன் துண்டைப் பாதி கடித்துவிட்டு ஏதோ சொல்லிச் சிரித்துக்கொண்டே மீதியை மறுபடி அதே சீஸில் முக்கினார். பூங்கொடியின் கை அந்தரத்தில் நின்றுவிட்டது. “எனக்குக் கொஞ்சம் வயிறு சரியில்லீங்க” என்று வாய் தானாகச் சொன்னது. யாரும் பார்க்காத நேரத்தில் அந்தத் துண்டைக் காகிதக் கைத்துடைப்பில் சுற்றிக் கைப்பைக்குள் வைத்துக்கொண்டாள். சீட்டியடிக்காத குறையாக அவ்வளவு லாவகமாக வைத்தாள். பிறகு மணிக்கணக்காகச் சிரித்த முகத்தோடு உட்கார்ந்து பேசிவிட்டு வந்தாள்.

வீட்டுச் சாவிக்காக அந்தப் பையைத் திறந்தது மிருதுளா. எண்ணெய் ஊறிப் பிசுபிசுத்திருந்த அந்தப் பொட்டலத்தை எடுத்துச் சாப்பாட்டு மேசை மேல் வைத்துவிட்டு அறைக்குள் போய்க் கதவைச் சாத்திக்கொண்டாள். ராத்திரி முழுக்க அது அங்கேயே கிடந்தது. அதை எடுத்துக் குப்பையில் போடப் பூங்கொடிக்குத் தைரியம் வரவில்லை, போட்டால் இன்னொரு முறை செய்த மாதிரி ஆகிவிடுமோ என்று பயம். மறுநாள் காலையில்தான் மகள் வாயைத் திறந்தாள். “ஏம்மா அதைத் தட்டுலயே வெச்சிருக்கலாமே. எதுக்குப் பைக்குள்ள?” என்றாள். “அவங்க பாத்தா மனசு வருத்தப்படுவாங்கன்னுதான் அம்மிணி.” “அப்ப அவங்க வருத்தப்படற காரியம்னு உனக்குத் தெரிஞ்சிருக்கு.” மகளே தொடர்ந்தாள். “பிடிக்கலைன்னா பிடிக்கலைன்னு அவங்க மூஞ்சிக்கு நேரா சொல்லிரு, நான் தாங்கிக்குவேன். சிரிச்சுட்டே பைக்குள்ள போட்டுக்காதே. அடுத்த ஞாயித்துக்கிழமை அவங்களை இங்க கூப்பிட்டிருக்கேன். இன்னொரு தடவை நீ அப்படி நடிச்சேன்னு வை, நாங்க பாட்டுக்கு ரெஜிஸ்டர் ஆபீஸ்ல முடிச்சுட்டுப் போயிருவோம். உனக்குச் சொல்லக்கூட மாட்டேன்.” கத்தவில்லை. கத்தியிருந்தால் அழுது சமாதானம் செய்திருக்கலாம். பூங்கொடிக்கு இருப்பது ஒரே மகள். அவள் சொன்னால் செய்கிற ரகம், அந்தப் பிடிவாதம் அம்மாவிடமிருந்து வந்ததுதான், அதனால் அது எவ்வளவு உறுதி என்று அம்மாவுக்கு நன்றாகவே தெரியும். அன்று மத்தியானமே ஞானசுந்தரி அம்மாவுக்குப் போன் போட்டு, நீங்கள் செய்ததையே நான் செய்து தருகிறேன், எப்படிச் செய்வது என்று கேட்டாள். அந்தம்மாவுக்கு எவ்வளவு சந்தோஷம். ஒவ்வொரு படியாகப் பேசிப் பேசி அனுப்பிவிட்டார்.

வாணலியில் வெண்ணெய் உருகியது. பூண்டைப் பொடியாக நறுக்கிப் போட்டாள். எச்சில்தான், வேறு ஒன்றுமே இல்லை என்று கிளறிக்கொண்டே சொல்லிக்கொண்டாள், இந்த ஒரு வாரமாக இதேதான் ஓடிக்கொண்டிருக்கிறது. கடித்ததைப் பொதுவில் முக்கினால் யாருக்குத்தான் கூசாது? உப்புப் பார்க்கக்கூடக் கரண்டியில் வாய் வைக்காத வீடுகள் நம்முடையவை, உள்ளங்கையில் ஒரு சொட்டு விட்டு நக்கிப் பார்த்துவிட்டுக் கையைக் கழுவிக்கொண்டுதான் மறு வேலை. தண்ணீரை அண்ணாந்து குடிக்கிற சனம். அது பழக்கம், அது சுத்தம், அதில் சாதி எங்கே வந்தது? இதுவரை வழக்கு ஜோராக நடக்கும். இந்த இடத்துக்கு வந்ததும் தங்கை ஈசுவரி வந்து குறுக்கே நின்றுகொள்வாள். போன சித்திரையில் ஈசுவரி ஒரு கடி கடித்துவிட்டு “அக்கா, இது புளிக்குதா பாரு” என்று நீட்டிய மாங்காயைப் பூங்கொடி வாங்கி அப்படியே கடித்தாளா இல்லையா? அண்ணன் மகன் நக்கிக்கொண்டிருந்த கோன் ஐஸைப் பிடுங்கி ஒரு வாய் நக்கினாளா இல்லையா? பள்ளிக்கூடத்தில் விசாலாட்சி டீச்சரும் அவளும் ஒரே டப்பாவில் ஒரே ஸ்பூனைப் போட்டு எத்தனை வருஷம் தயிர்சாதம் தின்றார்கள்? அப்போதெல்லாம் இந்தக் கூச்சம் எந்த ஊருக்குப் போயிருந்தது? கூச்சத்துக்குக் கண் இருக்கிறது, ஆள் பார்த்துத்தான் அது வருகிறது. பூண்டு ஓரத்தில் கருகத் தொடங்கிவிட்டது. அடுப்பைக் குறைத்தாள். இல்லை, அது அப்படி இல்லை, ஈசுவரி ரத்த சொந்தம், விசாலாட்சி எத்தனை காலப் பழக்கம், இவர்களை இப்போதுதானே பார்க்கிறோம், புது ஆட்கள் என்றால் யாருக்கும் கொஞ்சம் தயக்கம் இருக்கும் என்று மறுபடி மேலே ஏறி, மறுபடி அதே இடத்தில் வழுக்கினாள். போன வருஷம் கல்யாண வீட்டில் யாரென்றே தெரியாத ஒரு அம்மாள், நம்ம சனம், பாதி தின்ற பாதுஷாவைப் பிட்டுக் கொடுத்தாள். வாங்கித் தின்றாள். நன்றாக இருக்கிறது என்றுகூடச் சொன்னாள்.

கீரையை நறுக்கி வதக்கிப் பிழிய வேண்டும். “தண்ணி ஒரு சொட்டு இருக்கப்பிடாது, நல்லா இறுக்கிப் பிழிஞ்சிருங்க” என்றது போன். பிழிந்தாள். பச்சைத் தண்ணீர் விரலிடுக்கில் வழிந்து முழங்கையை நோக்கி ஓடியது, அவள் அதைப் பார்த்துக்கொண்டே நின்றாள். முழங்கையில் வழிகிற தண்ணீர். அப்பாவின் தோட்டத்தில் கடலைக்காய் பறிக்க வருகிற பெண்கள் வெயிலில் வந்து தண்ணீர் கேட்பார்கள், இரண்டு கையையும் குவித்து வாய்க்குக் கீழே பிடித்துக்கொண்டு குனிவார்கள். சொம்போடு போவது பூங்கொடி. “தூக்கி ஊத்து அம்மிணி, தூக்கி” என்று அம்மா உள்ளேயிருந்து சொல்லுவாள். சொம்பின் விளிம்பு அவர்கள் கையில் படக் கூடாது, தண்ணீர் மட்டும் பட வேண்டும். எவ்வளவு உயரத்திலிருந்து ஊற்றினாலும் குவித்த கையின் நடுவில் நூல் பிடித்த மாதிரி விழும்படி ஊற்ற அவளுக்கு வரும். தம்பி ஊற்றினால் மூக்கிலும் கண்ணிலும் அடித்துவிடுவான், அதனால் பெண்கள் அவளைத்தான் கூப்பிடுவார்கள். “சின்னம்மிணி ஊத்தினாத்தான் தாகம் அடங்குது சாமி” என்று ஒருத்தி சொன்னாள், ராசாத்தி என்று பேர். பூங்கொடிக்கு அன்று முழுக்கப் பெருமை. அதை நினைத்தால் இன்றைக்கு உடம்பு கூசுகிறது. தண்ணீர் கொடுக்காமல் விரட்டிய வீடுகளும் அந்த ஊரில் இருந்தன, நாங்கள் கொடுத்தோமே என்று ஒரு குரல் உள்ளே கிளம்பியது. அது அம்மாவின் குரல். அம்மா போய்ச் சேர்ந்து எவ்வளவோ காலமாகிவிட்டது, குரல் மட்டும் உள்ளே குடக்கூலி கொடுக்காமல் குடியிருக்கிறது. போன ஞாயிற்றுக்கிழமை அந்தரத்தில் நின்றதும் இந்தக் கைதான். இதை யாரிடம் போய்ச் சொல்வது? கையைக் குழாயில் நீட்டிக் கழுவினாள், தேவைக்கு மேல் கழுவினாள்.

பாடப்புத்தகத்தின் முன்பக்கத்தில் தீண்டாமையைப் பற்றிப் போட்டிருக்கிற வரிகளை ஒவ்வொரு ஜூன் மாதமும் புது வகுப்பை எழுந்து நிற்கச் சொல்லிச் சத்தமாகப் படிக்க வைத்தவள் பூங்கொடி டீச்சர். பிழையாகப் படித்தால் மறுபடி படி என்பாள். பின்வரிசை வரைக்கும் கேட்க வேண்டும். அந்தப் பிள்ளைகளில் யாராவது இந்த அடுப்படிக்குள் வந்து நின்றால் என்ன ஆவது என்று நினைத்து வாசலைத் திரும்பிப் பார்த்துக்கொண்டாள். இன்னொன்று. ஞானசுந்தரி அம்மாவுக்கு இவளைவிட வயது கூட. நேரில் பேசும்போது வாங்க, சொல்லுங்க எல்லாம் ஒழுங்காக வருகிறது. தனியாக மனசுக்குள் நினைக்கும்போது அவ என்றுதான் வருகிறது, அவ சொன்னா, அவ வீடு. விசாலாட்சி டீச்சரை ஒருநாளும் அப்படி நினைத்ததில்லை, கோபம் வந்தபோதுகூட அவங்கதான். இந்த ஒரு வாரமாக, ஒவ்வொரு முறையும் அவ என்று வரும்போதெல்லாம் பிடித்து நிறுத்தி அவங்க என்று திருத்திக்கொண்டிருக்கிறாள், நோட்டுத் திருத்துகிற மாதிரி, யாரும் பார்க்காத நோட்டு. மகளிடம் இதைச் சொன்னால் அருவருப்பாள். சொல்லாமல் இருந்தால் அது நடிப்பு. கிரீம் சீஸைக் குழைத்து, வடிகட்டி வைத்திருந்த தயிரைச் சேர்த்து, மொசரெல்லாவைத் துருவிப் போட்டு, கீரையும் பூண்டும் கொட்டிக் கலக்கினாள். மிளகை நுணுக்கித் தூவினாள். அரும்பாடுபட்டுக் கலக்கினாள், சீஸ் கரண்டியைப் பிடித்து இழுத்தது. எல்லாம் கூடிவரும். இன்றைக்கு அவர்கள் எதிரிலேயே முதல் துண்டை எடுத்து முக்கித் தின்றுவிட வேண்டும். கடித்துவிட்டு மறுபடியும் முக்க வேண்டும். முக்கினால் தீர்ந்தது. ஒத்திகை பார்ப்பது போல வெறுங்கையை வாய்க்குக் கொண்டுபோனாள். கை பாதியிலேயே இறங்கிவிட்டது.

கலவையை வழித்துப் பிரட்டுக்குள் நிரப்பினாள். கழுத்துவரை சரியாக நின்றது. பார்க்க அழகாகவே இருந்தது, அவளுக்கே கொஞ்சம் தெம்பு வந்தது. மேலே இன்னும் கொஞ்சம் சீஸ் தூவித் தகட்டில் வைத்துவிட்டுத் திரும்பியபோதுதான் மேடையின் ஓரத்தில் ஒரு சின்னக் கிண்ணம் கண்ணில் பட்டது. மிளகு போடுவதற்கு முன்னாலேயே கலவையிலிருந்து ஒரு கரண்டி எடுத்து அதில் வைத்திருந்தாள். எப்போது எடுத்தாள் என்று நினைவில்லை. அவருக்குத்தான். கணவர் சென்னியப்பனுக்குக் குடலில் புண் வந்ததிலிருந்து மிளகு, காரம் எதுவும் ஆகாது. அதோடு அவர் ஒரு மாதிரியான ஆள், இந்தச் சம்பந்தத்துக்கு மாதக்கணக்கில் முகம் கொடுக்காமல் இருந்து இப்போதுதான் மௌனமாக இறங்கி வந்திருக்கிறார், வந்தவர்களோடு சேர்ந்து அவர் எங்கே இதில் கைவைக்கப்போகிறார், மாட்டேன் என்று முகத்தைத் தூக்கினால் மறுபடி வம்பு. அதைவிட முன்னாலேயே தனியாக ஒன்று வைத்துவிட்டால் யாருக்கும் மனக்கஷ்டம் இல்லை. டப்பாவில் காபிக்கு வாங்கிய பன் இருந்தது. ஒன்றை எடுத்துத் தலையைச் சீவி, விரலால் குடைந்து, கிண்ணத்திலிருந்ததை அதில் நிரப்பினாள். ருசி பார்க்க உள்ளங்கையில் கொஞ்சம் தடவி நக்கினாள். சப்பென்று இருந்தது. ஒரு பச்சைமிளகாயை எடுத்துப் பொடியாக அரிந்து, விரலால் உள்ளே அமுக்கிவிட்டு, சீவிய தலையை மூடி போல மேலே வைத்தாள். கச்சிதமாக இருந்தது. பெரியது நடுவிலும் சின்னது ஓரத்திலுமாகத் தகட்டில் வைத்து ஓவனுக்குள் தள்ளிக் கதவை மூடினாள். இரண்டும் தொடவில்லை, நடுவில் இடம் இருந்தது, அதையும் ஒரு முறை குனிந்து பார்த்துக்கொண்டாள்.

ஓவன் கண்ணாடிக்குள் சிவப்பாக வெளிச்சம். சீஸ் மெதுவாக ஓரத்தில் அசைந்தது, குமிழ் விட்டது. மிருதுளா வந்து தண்ணீர் பாட்டில் எடுத்தாள். வாசனையை இழுத்துவிட்டு, “நல்லா வருதும்மா” என்றாள், இந்த வாரத்தில் அவள் தானாக வந்து பேசிய முதல் பேச்சு. பூங்கொடிக்குக் கண் கலங்கிவிட்டது. குனிந்து கண்ணாடியில் பார்த்த மிருதுளா நிமிர்ந்தாள். “சின்னது யாருக்கு?” “அப்பாவுக்கு. அவருக்கு மிளகு ஆகாதில்ல.” “ஓ” என்றாள் மகள். அவ்வளவுதான். பாட்டிலை எடுத்துக்கொண்டு போய்விட்டாள். அந்த ‘ஓ’வில் என்ன இருந்தது? நம்பினாளா? நம்பாமல் இருக்க என்ன இருக்கிறது, உண்மைதானே, அவருக்கு ஆகாதுதானே. இருந்தாலும் ஏன் திருடிவிட்டு நிற்கிற மாதிரி இருக்கிறது? சின்னதை எடுத்து ஒளித்துவிடலாமா? ஒளித்தால்தான் தப்பாகும், மகள் பார்த்துவிட்டாளே. நானே தின்றுவிடட்டுமா இப்போதே, சுடச்சுட? ஓவன் கதவைத் திறக்கக் கையை நீட்டினாள், வெளியே ஹாலில் மணி அடித்தது.

வந்தார்கள். ஞானசுந்தரி அம்மா மல்லிகைப்பூ ஒரு பந்து வாங்கி வந்திருந்தார், எபி செருப்பை அழகாக ஓரமாக விட்டான். மூஞ்சியைக் காட்டிவிட்டு உள்ளே போய்விடுவேன் என்று காலையில் சொன்ன சென்னியப்பன், மஸ்கட்டில் வெயில் எப்படி என்று ஆரம்பித்து, அங்கே பேரீச்சம்பழம் என்ன விலை என்று போய், சோபாவில் சௌகரியமாகச் சாய்ந்துவிட்டார். நம்ம சனத்தில் தலைகாட்ட முடியாது என்று எத்தனை மாதம் குதித்த மனுஷன்! ஆம்பளைகளுக்கு எல்லாமே எவ்வளவு லேசு என்று பூங்கொடிக்கு எரிச்சல்கூட வந்தது. எல்லோரும் மேசையைச் சுற்றி உட்கார்ந்தார்கள். பெரிய பிரட்டை நடுவில் வைத்தாள், சின்னதை ஒரு தட்டில் கணவர் பக்கமாக வைத்தாள்.

“ஆத்தாடி, என்னைவிட நல்லால்லா வந்திருக்கு! ஒரு சொட்டு ஒழுகல” என்றார் ஞானசுந்தரி அம்மா.

“இதைய எப்படீங்க திங்கறது?” என்றார் சென்னியப்பன்.

“இப்படிப் பிச்சு, இப்படி முக்கி” என்று அந்தம்மா செய்து காட்டினார். சென்னியப்பன் அதைப் பார்த்துப் பெரிய துண்டாக எடுத்து, விரல் முங்க முக்கி, வாய் கொள்ளாமல் தின்றார். மீசையில் சீஸ் ஒட்டியது. “அட, நல்லாருக்குதே!” என்று கடித்த துண்டை மறுபடியும் முக்கினார். எபி சிரித்தான். எல்லோர் கையும் அந்தப் பிரட்டுக்குள் போய் வந்துகொண்டிருந்தது. பூங்கொடி ஒரு துண்டை எடுத்துக் கையில் வைத்துக்கொண்டு, வேண்டுமென்றே தண்ணீர் ஊற்றினாள், தட்டை நகர்த்தினாள், மின்விசிறியைக் கூட்டி வைத்துவிட்டு வந்து உட்கார்ந்தாள். துண்டு கையிலேயே இருந்தது.

“இந்தக் குட்டி யாருக்கு, பாக்கவே அழகா இருக்கு?” என்றார் ஞானசுந்தரி அம்மா.

“அவருக்குங்க. அவருக்கு மிளகு ஆகாது” என்றாள்.

“எனக்கா?” சென்னியப்பன் மூடியைத் தூக்கிப் பார்த்தார். “எனக்கெதுக்குத் தனியா? கொஞ்சம் மொளகுல ஒண்ணும் ஆயிராது. ஏம்புள்ள, இதுல பச்சமொளகாயாக் கெடக்குது? நான் அதையத் தொட்டு எத்தனை வருசமாச்சு. உனக்குத்தான் அது இல்லாம எறங்காது.” சூதுவாது இல்லாமல் சொல்லிவிட்டு மறுபடி பெரிய பிரட்டுக்குள் கையை விட்டார்.

எபி தன் தட்டைப் பார்த்தான். மிருதுளா அம்மாவைப் பார்க்கவில்லை, ஜன்னலைப் பார்த்தாள். பூங்கொடியின் வாயில் பதில்கள் வரிசை கட்டி வந்தன. ஐயோ கைமாறிப் போட்டுவிட்டேன். மிருதுவுக்குப் பிடிக்குமே என்று. ஒரு மிளகாய்தான், எடுத்துப் போட்டுவிட்டால் சரி. எதைச் சொன்னாலும் எல்லோரும் சிரித்துவிடுவார்கள், அவர்கள் சிரிக்கத் தயாராக இருந்தார்கள், ஞானசுந்தரி அம்மாவின் முகத்தில்கூட அந்தச் சிரிப்பு பாதி வந்து காத்திருந்தது. யாருக்குச் செய்தோம் என்று அந்த நிமிஷம்தான் அவளுக்கே தெரிந்தது. ஒருநாளும் இப்படி வெட்கப்பட்டதில்லை, காதுமடல் சுட்டது, மேசைக்குக் கீழே போய்விடலாம் போல இருந்தது.

“எனக்குத்தானுங்க” என்றாள். “எனக்குன்னுதான் தனியா வெச்சிருக்கறேன். அவரு பேரச் சொல்லி. போன வாரமும் எனக்கு வயித்துக்கு ஒண்ணுமில்லீங்க. நீங்க முக்குனதுல முக்க எனக்குக் கை வல்லைங்க. இன்னைக்கு வந்துரும்னு நெனச்சேன். இன்னைக்கும் வல்லை.”

சென்னியப்பன் மெல்லுவதை நிறுத்தினார். “ஏய்” என்றார். ஞானசுந்தரி அம்மா கையிலிருந்த துண்டைத் தட்டில் வைத்தார். விரல்களை ஒவ்வொன்றாகத் துடைத்துக்கொண்டார்.

“எனக்கு இது புதுசில்ல” என்றார். “மஸ்கட்ல இல்ல, இங்கதான். நான் போனா எத்தனையோ வீட்டுல எல்லாருக்கும் வயிறு சரியில்லாமப் போயிரும். விரதம் வந்துரும். இப்பத்தான் சாப்பிட்டோம்பாங்க. எனக்குத்தான்னு வாயத் தொறந்து சொன்னது நீங்க ஒருத்தருதான்.” கைத்துடைப்பை மடித்துத் தட்டுக்குப் பக்கத்தில் வைத்தார். “அதுக்காக வலிக்கலன்னு சொல்ல மாட்டேன். வலிக்கத்தான் செய்யி.”

“தப்புதானுங்க” என்றாள் பூங்கொடி.

“தப்புதான்.” அந்தம்மா கையை நீட்டிச் சின்ன பன் இருந்த தட்டை மெதுவாக அவள் முன்னால் நகர்த்தினார். “சாப்பிடுங்க. ஆறினா ரப்பர் மாதிரி ஆயிரும்.”

மிருதுளா எழுந்து போய்விடுவாள் என்று பூங்கொடி காத்திருந்தாள். அவள் எழவில்லை. ஜன்னலிலிருந்து திரும்பி, ஒரு வாரத்துக்குப் பிறகு அம்மாவின் முகத்தை நேராகப் பார்த்தாள், பார்த்துக்கொண்டே இருந்தாள். பெரிய பிரட்டை யாரும் பூங்கொடி பக்கம் தள்ளவில்லை. இதில் ஒரு வாய் எடுங்க என்று ஒருவரும் சொல்லவில்லை. சொல்லக்கூடாதுதான், அதை அவளே எட்டி எடுக்க வேண்டும், எடுக்கிற நாள் இன்றைக்கு இல்லை. கையில் வைத்திருந்த துண்டைத் தட்டில் போட்டுவிட்டுப் பன்னைப் பிட்டு வாயில் போட்டாள். நான்கு பேரும் பார்த்துக்கொண்டிருக்க அவள் ஒருத்தி மட்டும் மென்றாள். பிறகு எபி ஒரு துண்டை எடுத்தான், ஞானசுந்தரி அம்மாவும் எடுத்தார், கொஞ்சம் கொஞ்சமாகச் சத்தம் திரும்பி வந்தது. பூங்கொடி கடைசிவரை தின்றாள். பாதியில் பச்சைமிளகாய் மாட்டிச் சுரீரென்றது, கண்ணிலிருந்து தண்ணீர் கொட்டியது.

“காரமா?” என்று சென்னியப்பன் தண்ணீரை நகர்த்தினார்.

“இல்லீங்க” என்றாள்.